அடியேன்: பெயரோ, வினையோ?

ஒரு சொல் எந்த வகையைச் சேர்ந்தது என்னும் கேள்வி பள்ளிப் பாடத்தோடு முடிந்துவிடுவதாகவே பலரும் எண்ணுகின்றனர். வ்யாக்யானங்களைக் காலக்ஷேபமாகக் கேட்டுப் பழகியவர்களுக்கு அது அவ்வளவு எளிதாக முடிவதில்லை. வேற்றுமையுருபு ஏறியதா, ஏறிக் கழிந்ததா; தொகை தத்புருஷமா, பஹுவ்ரீஹியா; ஏகாரம் பிரிநிலையா, வெறும் அசையா என்னும் சிறு முடிவுகளின்மேல் பூர்வாசார்யர்கள் தத்வார்த்தத்தையே நிறுத்தியிருக்கிறார்கள். ஆகவே அவர்கள் செய்த சொற்பகுப்பு இலக்கணத்துக்கு இசைந்ததா என்று ஆராய்வது, அவர்கள் அறுதியிட்ட பொருள் எதன்மேல் நிற்கிறது என்று ஆராய்வதேயாகும்.

இவ்வாராய்ச்சியைத் தவிர்ப்பதற்கு இன்று இரண்டு வழிகள் வழக்கில் உள்ளன. மொழியியல் பயின்றவர் சிலர், வ்யாக்யாதாக்களின் பதப்பிரிப்பு பக்தியின் கற்பனை. அதற்கும் சொல்லிலக்கணத்துக்கும் தொடர்பில்லை என்று ஒதுக்குகிறார்கள். ஸம்ப்ரதாயத்தில் நின்றவர் சிலர், மேனாட்டார் இன்று கண்டதெல்லாம் நம் பூர்வர்கள் அன்றே கண்டதுதான் என்று பெருமிதத்தோடு நிறுத்திக்கொள்கிறார்கள். முன்னவர்க்கு மறுமொழி கூறலாம். பின்னவரோ கேள்வியே எழாதபடி செய்துவிடுகிறார்கள். ஆகையால் அவர்களாலேயே நமக்குத் தீங்கு மிகுதி என்பது எம் எண்ணம். இக்கட்டுரை ‘அடியேன்’ என்னும் ஒரு சொல்லை எடுத்துக்கொண்டு, இலக்கணம் அதை எங்கே வைக்கிறது, வ்யாக்யானம் அதிலிருந்து எதைப் பெறுகிறது, அப்பெறுதல் எந்த அளவுக்குத் தகும் என்று பார்க்க முயல்கிறது.

சொற்களை வகுக்கப் பொருளை அளவுகோலாகக் கொள்வதா, வடிவத்தைக் கொள்வதா, வாக்கியத்தில் அவை நிற்கும் இடத்தைக் கொள்வதா என்பது மிகப் பழைய வழக்கு. யாஸ்கர் நிருக்தத்தில் நாமம், ஆக்யாதம், உபஸர்க்கம், நிபாதம் என நான்காக்கி, ஆக்யாதத்தில் நிகழ்ச்சி முதன்மை பெறும், நாமத்தில் பொருள் முதன்மை பெறும் என்றார். பாணினி இந்தப் பொருள்வழியில் செல்லவில்லை. ஸுப் விகுதியையோ திங் விகுதியையோ இறுதியில் உடையது பதம் என்று (1.4.14) ஈறு ஒன்றையே கொண்டு முடித்தார். விகுதியே காணப்படாத அவ்யயங்களிலும் ஸுப் ஏறி மறைந்தது என்று (2.4.82) கொண்டமையால், அவர் விரித்த வலையிலிருந்து ஒரு சொல்லும் தப்பவில்லை. கிரேக்க இலக்கணத்தில் தியோனீசியஸ் த்ராக்ஸ் பெயரால் வழங்கும் நூல் எட்டு வகை சொல்லும். அவ்வெட்டில் பெயரடை தனி வகையாக இல்லை, பெயருள் அடங்கியது. பிற்காலத்து ஐரோப்பியரே அதைப் பிரித்தெடுத்தனர். தமிழில் உரிச்சொல் என்றாலே பெயரடை, வினையடை என்று இன்று எளிதாக எழுதிவிடுகிறார்கள். தொல்காப்பியர் உரியியலில் இசை, குறிப்பு, பண்பு பற்றி வரும் அருஞ்சொற்களுக்குப் பொருள் காட்டியதைப் படித்தவர் அவ்வாறு எழுதத் தயங்குவர். அது வேறொரு வழக்கு, இங்கே வேண்டா.

தொல்காப்பியர் பெயர், வினை, இடை, உரி என நான்கு கூறினார் என்பது பொதுவாகச் சொல்லப்படுவது. அவர் கூறிய முறை சற்று வேறு. சொல் எனப்படுவன பெயரும் வினையும் என்னும் இரண்டே என முதலில் வரையறுத்து, இடையும் உரியும் அவ்விரண்டையும் சார்ந்து தோன்றுவன என்றார். ஆக, இரண்டு முதன்மை, இரண்டு சார்பு. அவ்விரண்டு முதன்மைச் சொற்களைப் பிரித்தறிய அவர் தந்த சோதனை குறிப்பிடத்தக்கது: வினை வேற்றுமையை ஏற்காது, காலத்தோடு தோன்றும், பெயர் காலம் காட்டாது, வினையடியாகப் பிறந்த பெயர் மட்டும் அதற்கு விலக்கு. ‘வினை என்பது செயலைக் குறிப்பது’ என்று பொருளால் அவர் தொடங்கவில்லை. எது எதனோடு ஒட்டும், எதனோடு ஒட்டாது என்பதே அளவுகோல். 1933-இல் மொழி பற்றிய தம் நூலை வெளியிட்ட ப்ளூம்ஃபீல்டு, சொல்லைத் தனித்து நிற்கக்கூடிய மிகச் சிறிய வடிவம் என்று வரையறுத்து, சொல்வகைகளை அவை வந்து நிற்கும் இடங்களைக் கொண்டு பிரிக்க முயன்றார். அவர் பாணினியை மிக உயர்வாக மதித்தவர் என்பது யாவரும் அறிந்தது. தொல்காப்பியரின் இச்சோதனையை அவர் கண்டிருப்பின் தம் வழிக்கு அணுக்கமானதாகவே கொண்டிருப்பார்.

இச்சோதனைக்கு எளிதில் அகப்படாத ஓர் இனம் தமிழில் உண்டு. அதுவே வினைக்குறிப்பு. நல்லேன், நல்லை, நல்லன் என்பவற்றில் காலங்காட்டும் இடைநிலை இல்லை. ஆயினும் தன்மை, முன்னிலை, படர்க்கை என்று இடங்காட்டும் ஈறு வினையிற் போலவே திரிகிறது. ‘யான் நல்லேன்’ என்றால் அது பயனிலை; ‘நல்லேனை’ என்று உருபேற்றால் அது பெயர். தொல்காப்பியர் இதை வினையியலில் வைத்து, காலம் இங்கே குறிப்பாகத் தோன்றும் என்றார். பிறக்கும் இடங்களையும் சொன்னார்: ஆறாம் வேற்றுமையின் உடைமைப் பொருள், ஏழாம் வேற்றுமையின் நிலப்பொருள், ஒப்பு, பண்பு முதலியன. கழலினன் என்பது உடைமையிலும், இல்லத்தான் என்பது நிலத்திலும், கரியன் என்பது பண்பிலும் பிறந்தவை. நன்னூலார் இதைப் பொருள், இடம், காலம், சினை, குணம், தொழில் என ஆறாக ஒழுங்கு செய்தார். ஒரே வடிவம் பெயராகவும் வினையாகவும் நிற்பதை உரையாசிரியர்கள் நன்கு அறிவர். படுத்துக் கூறும் ஓசையால் அது பெயராகும் என்று ஒலிப்பையே பிரிக்கும் கருவியாகக் காட்டினர். எழுத்தில் இல்லாத ஒன்றைச் செவியைக் கொண்டு வகுத்தார்கள் என்பது அவர்கள் மொழியைப் பேச்சாகவே கருதியதற்குச் சான்று.

கால்டுவெல் 1856-இல் வெளியிட்ட திராவிட ஒப்பிலக்கணத்தில் இவ்வினத்துக்குத் தனியிடம் தந்து, வினைபோல ஈறு பெறும் பெயர்கள் என்னும் கருத்துப்பட விளக்கினார். வடமொழியில் இது இல்லை. அங்கே ‘நான் தாஸன்’ என்பதைத் தாஸன் என்னும் பெயரோடு ‘அஹம்’ என்னும் சொல்லைக் கூட்டியோ ‘அஸ்மி’ என்னும் வினையைக் கூட்டியோதான் சொல்ல முடியும். பெயரின் ஈறே ‘நான்’ என்று காட்டாது. தெலுங்கிலோ ‘நேனு தாஸுடனு’, ‘நீவு தாஸுடவு’ என்று பெயரீறே தன்மையையும் முன்னிலையையும் காட்டும். இன்றைய பேச்சிலும் மாணவன் ஒருவன் ‘நேனு வித்யார்த்தினி’ என்றே சொல்லுவான். திராவிட மொழிகளின் இப்பொதுப் பண்பு இன்றைய தமிழில் பெரும்பாலும் மறைந்துவிட்டது. யாரும் ‘நான் மாணவனேன்’ என்பதில்லை. மறையாமல் எஞ்சிய சிலவற்றுள் தலையாயது ‘அடியேன்’. ஒரு பழைய இலக்கண அமைப்பு முழுவதும் பேச்சிலிருந்து விலகிய பின்பும், அடியார் நாவில் மட்டும் அது நாள்தோறும் வழங்குகிறது.

இனிச் சொல்லின் அமைப்பைப் பார்ப்போம். அடி என்னும் பெயர், ஏன் என்னும் தன்மை ஒருமை ஈறு, இடையில் யகர உடம்படுமெய். இதில் ஐயமில்லை. தொல்காப்பியர் கூறிய பிறப்பிடங்களுள் எதில் இது பிறந்தது என்பதே கேள்வி. உடைமைப் பொருளில் பிறந்தது எனின், கழலினன் என்பது கழலை உடையவன் ஆவதுபோல, அடியேன் என்பதும் அடியை உடையேன் என்று ஆகவேண்டும். திருவடி சேஷனுக்கு உடைமையாகிவிடும். உடையவனும் உடைமையும் இடம் மாறிப்போகும். ஏழாம் வேற்றுமை நிலப்பொருளில் பிறந்தது எனின், இல்லத்தான் என்பது இல்லத்தில் இருப்பவன் ஆவதுபோல, அடியேன் என்பது திருவடியில் இருப்பேன், அதை இருப்பிடமாகக் கொண்டேன் என்று பொருள்படும். இரண்டாவதே தகும் என்பது எமக்குத் தோன்றுவது. ‘அடியார்’ என்னும் படர்க்கை வடிவும் இப்பொருளிலேயே இயல்பாக நிற்கிறது.

ஆயின் அது பெயரா, வினையா? அடியேனை, அடியேனுக்கு என்று உருபேற்கிறது. எழுவாயாய் நின்று வினைமுற்றைக் கொள்கிறது. அவ்விடங்களில் அது பெயர். ‘யான் அடியேன்’ என்று பயனிலையாக நிற்குமிடத்து அது வினைக்குறிப்பு. வேறுபாடு சிறிதன்று. வினைக்குறிப்பாக நின்றால், ‘யான்’ என்று முன்னமே அறியப்பட்ட ஒருவனைப் பற்றி ‘அடியேன்’ என்று ஒரு செய்தி கூறப்படுகிறது. பொருள் வேறு, தன்மை வேறு. பெயராக நின்றால், ‘யான்’ என்று சொல்லவேண்டிய இடத்தையே அச்சொல் நிரப்பிவிடுகிறது. தன்மையைச் சொல்லியே பொருள் சுட்டப்படுகிறது.

ஸம்ப்ரதாயத்தின் பெருங்கேள்வி ஒன்று சரியாக இந்த இடைவெளியில்தான் நிற்கிறது. ஆத்மாவுக்கு ஸ்வரூப நிரூபகம் ஜ்ஞானமா, சேஷத்வமா? அறிபவனாய் இருந்து பிறகு சேஷனானானா, சேஷனாயிருப்பதே அவனுடைய இருப்பா? எம்பெருமானார் கூரத்தாழ்வானை இது கேட்டறியத் திருக்கோட்டியூர் நம்பியிடம் அனுப்பினார் என்றும், ஆழ்வான் ஆறு மாத காலம் காத்திருந்த பின் நம்பி திருவாய்மொழியின் ‘அடியேனுள்ளான்’ என்னும் சொற்களைக் காட்டி விடுத்தார் என்றும் ஐதிஹ்யம் வழங்கும். நம்பிள்ளை உரைக்க வடக்குத் திருவீதிப்பிள்ளை ஏடுபடுத்திய ஈடு முப்பத்தாறாயிரப்படியின் மரபில் வருபவர் எவரும் இதைக் கேட்டிருப்பர். முமுக்ஷுப்படியில் பிள்ளை லோகாசார்யர், சேஷத்வமே ஆத்மாவுக்கு ஸ்வரூபம் என்று அறுதியிட்டதும், மணத்தையிட்டுப் பூவையும் ஒளியையிட்டு ரத்னத்தையும் விரும்புமாப்போலே என்று அதற்குத் திருஷ்டாந்தம் காட்டியதும் இதன் தொடர்ச்சியே.

நம்பி ஸ்ருதி வாக்கியத்தையோ ந்யாயத்தையோ காட்டாமல் ஒரு சொல்லைக் காட்டினார். அச்சொல் இவ்வளவு பாரத்தைத் தாங்குமா?

பாசுரத்தின் அமைப்பைக் காண்போம். எட்டாம் பத்தின் எட்டாம் திருவாய்மொழி, இரண்டாம் பாசுரம். அதன் முதலடியில் எம்பெருமான் உறையும் இடங்கள் நான்கு அடுக்கப்படுகின்றன: அடியேன், உடல், அண்டத்தின் அகம், அதன் புறம். நான்கும் ஏழாம் வேற்றுமை நிலப்பொருளில் பிறந்த வினைக்குறிப்புகள். உள், அகம், புறம் என்னும் மூன்றும் தொல்காப்பியர் ஏழாம் வேற்றுமைக்கு விரித்த பட்டியலில் உள்ளவை. அவற்றோடு ‘ஆன்’ என்னும் படர்க்கை ஈறு சேர்ந்தது. இந்த ஈறு ‘உள்’ என்பதோடு மட்டும் ஒட்டி நிற்கவில்லை, ‘அடியேனுள்’ என்னும் தொடர் முழுவதோடும் ஒட்டுகிறது என்பதை மொழியியலார் விருப்பத்தோடு கவனிப்பர். எழுத்தில் ஒரு சொல்லாகத் தோன்றுவது அமைப்பில் ஒரு தொடர். சொல்லின் எல்லை எங்கே என்று அவர்கள் இன்றும் வாதிடுவதற்கு இது நல்ல எடுத்துக்காட்டு.

நமக்கு வேண்டியது அந்நான்கிடங்களின் வரிசை. ஒரே அமைப்புடைய நான்கு கட்டங்கள். முதல் கட்டத்தில் அடியேன், இரண்டாவதில் உடல். உடல் தனியே சொல்லப்பட்டுவிட்டமையால், அடியேன் என்பது உடலொழிந்த ஆத்மாவையே குறித்தாகவேண்டும். ஆத்மாவைக் குறிக்க யான், என், உயிர், உணர்வு என்று சொற்களுக்குப் பஞ்சமில்லை. அவற்றுள் எதையும் எடாமல், ‘அடியேன்’ என்பதையே ஆத்மாவின் பெயராக ஆழ்வார் அவ்விடத்தில் வைத்தார். இங்கே அது உருபொடு புணர்ந்து பெயராக நிற்கிறது, பயனிலை அன்று. ஆகவே ‘ஆத்மா ஒன்று உண்டு, அது அடிமை’ என்னும் ஈரடுக்குக் கூற்றுக்கு இடமில்லை. ஒரே இடத்தில் எந்தச் சொல் வந்தது, எது வந்திருக்கலாம், எது வரவில்லை என்று ஒப்பிட்டுப் பொருள் காண்பது இன்றைய மொழியியலாரின் அடிப்படை முறை. நம்பி செய்தது அதுவே என்று நாம் கூறவில்லை. அவர் காட்டிய பொருள் அந்த முறைக்கும் நின்று கொடுக்கிறது என்கிறோம். அதே திருவாய்மொழியின் நான்காம் பாசுரம் ‘யான்’ என்னும் சொல்லோடு தொடங்குவதும் நோக்கத்தக்கது. அச்சொல்லும் ஆழ்வார் கையருகே இருந்தது.

யாப்பு அறிந்தார் ஒருவர் இங்கே தடை கூறலாம். இரண்டாம் பாசுரத்தின் எதுகை ‘டி’. அடியேன் என்பது எதுகைக்காக வந்த சொல், அதில் தத்துவம் தேடுவது மிகை என்று. தடை நியாயமானதே, பாசுரச் சொல் ஒன்றைக் கொண்டு பெரும்பொருள் கூறும் எவரும் இதற்கு விடை வைத்திருக்கவேண்டும். எதுகையை வகுப்பது முதலடியின் முதற்சொல் என்பது ஒரு விடை. அதற்கு மற்றவை இணங்கும். அதைவிட வலிய விடை அந்தாதியில் இருக்கிறது. திருவாய்மொழி அந்தாதித் தொடையால் ஆனது. முதற் பாசுரம் ‘அடியேன் உள்ளானே’ என்று முடிந்ததனால் இரண்டாம் பாசுரம் அவ்வாறு தொடங்குகிறது. ஆக அச்சொல் முதன்முதல் தோன்றியது ஈற்றடியின் இறுதியில். அங்கே எதுகைக்கு அதிகாரமில்லை, அவ்வடியின் மோனையும் அகரத்தில் இல்லை. ‘என்றன்’ என்று வைத்திருந்தாலும் மாச்சீருக்கு மாச்சீராகவே அமைந்திருக்கும். யாப்பின் நெருக்கடியால் வந்த சொல் அன்று அது.

இன்னொரு தடை இதனினும் கூரியது. அதை எழுப்புவோர் அரியர் என்பதால் நாமே எழுப்புகிறோம். பாவியேன், வினையேன், ஏழையேன் என்னும் சொற்களும் ஆழ்வார்கள் பாசுரங்களில் பலவிடத்தும் வருவன. இலக்கணத்தில் அவை அடியேன் என்பதோடு ஓரினம்: பெயர், தன்மை ஈறு, உருபேற்றல், ‘யான்’ நிற்குமிடத்தில் நிற்றல் அனைத்தும் ஒக்கும். அடியேன் என்று தன்னைச் சுட்டினமையாலே சேஷத்வம் ஸ்வரூபம் எனின், பாவியேன் என்று சுட்டினமையாலே பாபமும் ஸ்வரூபம் ஆகவேண்டும். அது நம் ஸித்தாந்தத்துக்கு நேர் எதிர். கர்மம் வந்தேறியது, கழியக்கூடியது. ஆகவே ‘அடியேன் என்னும் சொல்லின் இலக்கணமே சேஷத்வத்தை நிரூபிக்கிறது’ என்று மேடைகளில் சொல்லப்படுவது நில்லாது. சொல்லின் வகை அவ்வளவு தராது. பொருளைத் தருவது அச்சொல் அந்தப் பாசுரத்தில் பெற்ற இடமே. பாவியேன் முதலியன ஆற்றாமையும் நிர்வேதமும் பேசுமிடங்களில் தன்னிரக்கமாய் வருவன. எட்டாம் பத்தின் இந்த அடியோ ஆத்மா, உடல், அண்டம், அண்டத்தின் புறம் என்று உள்ளவற்றை வகைப்படுத்திக் கூறுகிறது. அங்கே ஒவ்வொரு சொல்லும் ஒரு பொருளின் பெயராகவே நின்றாகவேண்டும்; அப்பெயர் வந்தேறியாக இருக்க முடியாது. வ்யாக்யானத்தின் வலிமை இந்த இடவேறுபாட்டைக் கண்டதில் இருக்கிறது. அதை மறந்து சொல்லின் வடிவத்தையே பிரமாணமாக்குவது பூர்வர்கள் செய்ததைக் காட்டிலும் எளிய வேலை.

இதே அளவுகோலைத் திருமந்த்ரார்த்தத்தின்மேல் வைத்துப் பார்த்தால், அங்குள்ள பதப்பகுப்புகள் எல்லாம் ஒரே இயல்பின அல்ல என்பது தெளிவாகும். ப்ரணவத்தின் அகாரத்தில் சதுர்த்தி ஏறிக் கழிந்தது என்பர். ‘அவனுக்கு’ என்னும் பொருள் அந்த மறைந்த நான்காம் வேற்றுமையிலிருந்து வருகிறது. இல்லாத உருபை இருந்ததாகச் சொல்வது வசதியான கற்பனை என்று மொழியியலார் ஒருவர் நகைக்கலாம். மறைந்த விகுதி என்னும் கருத்தோ பாணினியின் லோபத்தில் உள்ளது, தமிழில் உருபு தொக்க தொகையில் உள்ளது, இன்றைய மொழியியலிலும் உள்ளது. ஆயினும் மொழியியலார் அதற்கு ஒரு கட்டுப்பாடு விதிப்பர்: வேறோரிடத்தில் வெளிப்படையாக நிற்கும் ஒரு விகுதி சான்றாக இருந்தாலன்றி மறைந்த விகுதியைக் கற்பிக்கலாகாது. பிள்ளை லோகாசார்யர் இக்கேள்வியைத் தாமே எழுப்புகிறார். சதுர்த்தி ஏறியது எப்படித் தெரியும் எனின், அகாரம் நாராயண பதத்துக்கு ஸங்க்ரஹமாயிருக்கையாலே என்கிறார். ‘நாராயணாய’ என்பதில் உருபு வெளிப்படையாக நிற்கிறது. விரித்ததில் உள்ளது சுருக்கியதில் இருந்தாகவேண்டும். சான்றின்றி மறைவைக் கற்பிக்கக் கூடாது என்னும் பொறுப்பு அவரிடம் முழுமையாக இருந்தது. மணவாள மாமுனிகளின் வ்யாக்யானத்தோடு அவ்விடத்தைப் படிப்பவர் வாதத்தின் ஒழுங்கைத் தாமே காண்பர்.

உகாரம் அவதாரணப் பொருளது, தமிழ் ஏகாரத்தின் பிரிநிலையை ஒப்பது என்பதற்குத் தைத்திரீய நாராயணத்தில் ஒரே தொடரில் ஓரிடத்தில் ‘ஏவ’ என்றும் அதற்கு ஒத்த வேறோரிடத்தில் ‘உ’ என்றும் வருவதைக் காட்டுவர். ‘உ’ என்னும் நிபாதத்துக்கு இது செம்மையான சான்று. அந்த நிபாதமும் ஓங்காரத்தின் நடுவெழுத்தும் ஒன்றே என்பதை ஸ்ருதி செய்த அக்ஷரப் பிரிவின்மேல் நின்று கொள்கிறோம்; இலக்கணம் அதைத் தானாகத் தராது. ‘நம:’ என்பதை ந, ம: என்று பிரித்து ‘எனக்கு உரியேன் அல்லேன்’ என்று பொருள் கொள்வதோ முற்றிலும் வேறு. வையாகரணர்க்கு அது வணங்குதல் என்னும் தாதுவடியாகப் பிறந்த அவ்யயம். நம் மரபு இதை மறைக்கவில்லை. அஹிர்புத்ந்ய ஸம்ஹிதை அச்சொல்லுக்கு ஸ்தூலம், ஸூக்ஷ்மம், பரம் என மூவகைப் பொருள் கூறி அவற்றைப் படிப்படியாக வைத்தது. இலக்கணப் பொருள் ஒரு படி, நிர்வசனப் பொருள் வேறொரு படி. நிர்வசனத்தை இலக்கணம் என்று சொல்லி மொழியியலாரோடு வாதுக்குச் செல்பவர் தோற்பது உறுதி. தோற்பது அவர்தாம், ஸம்ஹிதை அவ்வாறு சொல்லவே இல்லை.

நாராயண சப்தத்தில் இரண்டு தொகைகள் கொள்ளப்படுகின்றன. நாரங்களுக்கு அயனம் என்பது தத்புருஷம், தமிழில் வேற்றுமைத்தொகை. நாரங்களை அயனமாக உடையவன் என்பது பஹுவ்ரீஹி, தமிழில் அன்மொழித்தொகை. முன்னது அவனே எல்லாவற்றுக்கும் இருப்பிடம் என்னும், பின்னது அவன் எல்லாவற்றிலும் உள்ளே இருக்கிறான் என்னும். ஒரே வடிவத்துக்கு இரண்டு அமைப்பு இருக்கக்கூடும் என்பதையும், அமைப்பு மாறினால் பொருள் தலைகீழாகும் என்பதையும் பதஞ்ஜலி மஹாபாஷ்யத்தில் ‘இந்த்ரசத்ரு’ கதையால் காட்டினார். ஸ்வரம் பிழைத்தமையால் இந்திரனைக் கொல்பவனாக வேண்டியவன் இந்திரனால் கொல்லப்படுபவனானான். அங்கே ஒன்று சரி, மற்றது பிழை. நம் ஆசார்யர்கள் இங்கே இரண்டையும் ஒருங்கே கொள்கிறார்கள். மொழியியலார் ஒரு கூற்றில் கூறுவோன் ஒன்றையே கருதினான் என்பர். திருநாமம் ஒருவன் ஒருமுறை கூறிய கூற்று அன்று என்பதே நம் விடை. அவ்விடை வேதத்தின் அபௌருஷேயத்வத்தை ஒப்புக்கொண்டவர்க்கே செல்லும்.

அச்சொல்லின் ணகாரம் பற்றிய வாதமும் இத்தகையதே. முன்பதத்து ரகாரத்தின் காரணமாகப் பின்பதத்து நகாரம் ணகாரமாவது ஸம்ஜ்ஞையிலேயே நிகழும் என்பது பாணினியின் விதி (8.4.3). ஆகவே இது காரணப்பொருளால் யாரையும் சுட்டக்கூடிய பொதுச்சொல் அன்று, இடுகுறிபோல் ஒருவனுக்கே உரிய திருநாமம் என்று நம்மவர் வாதிட்டனர். ஓரெழுத்தின் ஒலி மாற்றம் ஒரு சொல்லைப் பொதுப்பெயர் வகையிலிருந்து சிறப்புப்பெயர் வகைக்கு மாற்றுகிறது என்பது சொற்பகுப்பின் வரலாற்றிலேயே அரிய செய்தி. ஆயினும் அவ்வெழுத்து ‘இது பெயர்’ என்பதை மட்டுமே நிறுவும். யாருக்குப் பெயர் என்பதை ஸ்ருதி ஸ்ம்ருதிகளே நிறுவவேண்டும், நிறுவியும் உள்ளன. இரண்டையும் ணகாரத்தின் தலையில் சுமத்துவது அவ்விதிக்குச் செய்யும் நன்றியன்று.

திரும்பவும் ‘அடியேன்’ என்பதற்கு வருவோம். ‘அடியேன் ராமாநுஜ தாஸன்’ என்று நாம் தண்டன் ஸமர்ப்பிக்கும்போது, எழுவாயில் ‘ஏன்’ என்னும் தன்மை ஈறும், பயனிலையில் ‘அன்’ என்னும் படர்க்கை ஈறும் நிற்கின்றன. பழைய இலக்கணப்படி இடம் ஒத்து இசையவேண்டுமாயின் ‘தாஸனேன்’ என்று வரவேண்டும். தெலுங்கர் தம் மொழியில் இன்றும் அவ்வாறே இசைக்கின்றனர். தமிழில் பயனிலைப் பெயர் இடங்காட்டும் ஆற்றலை இழந்தது. எழுவாயாய் நின்ற ‘அடியேன்’ மட்டும் தன் ஈற்றை இழக்கவில்லை. எட்டாம் பத்தில் ஆழ்வார் அச்சொல்லை எந்த இடத்தில் வைத்தாரோ, பெயரின் இடத்தில், அந்த இடத்திலேயே வழக்கும் அதைக் காத்து வைத்திருக்கிறது. திருவாய்மொழி முழுவதிலும் ‘ஏன்’ ஈற்றுப் பெயர்கள் எங்கெங்கே எழுவாயாகவும் எங்கெங்கே பயனிலையாகவும் வந்துள்ளன என்று யாரேனும் பாசுரந்தோறும் தொகுத்து, வாதிகேசரி அழகிய மணவாள ஜீயர் பன்னீராயிரப்படியில் காட்டிய பதவுரையோடு ஒப்பிட்டால், அடியேன் என்பதும் பாவியேன் என்பதும் இடத்தால் எவ்வளவு பிரிந்து நிற்கின்றன என்பது எண்ணிக்கையாகவே தெரியவரும். அத்தொகுப்பு இப்பத்திரிகையில் வெளிவருவதைக் காண விரும்புகிறோம்.